விரிசல் விட்ட தாம்பத்தியத்தைச் சரிசெய்வது எப்படி: செட்டிநாட்டுத் தம்பதிகளுக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

காரைக்குடி, தேவகோட்டை, பள்ளத்தூர் பக்கம் ஒரு கணவன் மனைவிக்குள் பேச்சு நின்றுபோனால், அவர்கள் இருவரும் உட்கார்ந்து பேசும் முன்பே இரண்டு வீட்டுப் பெரியவர்களும் பேசி முடித்திருப்பார்கள். நல்ல மனதோடுதான் வருகிறார்கள். ஆனால் இருவரையும் ஒரே வீட்டில் இருக்கச் செய்வதுவரைதான் அவர்களால் முடியும். மறுபடி பேசவும் சிரிக்கவும் நம்பவும் பழகுகிற வேலை அந்த இருவருடையது.

அந்த வேலைக்கு ஒரு வரிசை உண்டு. முதலில் மேலும் காயப்படுத்துவதை நிறுத்த வேண்டும். பிறகு அன்றாடப் பிரியம் கொஞ்சம் திரும்ப வேண்டும். அதற்குப் பிறகுதான் பெரிய பிரச்சினையைத் தொட வேண்டும். பெரும்பாலானோர் இதைத் தலைகீழாகச் செய்கிறார்கள்: சமாதானமான முதல் ராத்திரியே ஐந்து வருஷத்துக் கணக்கை எடுத்துப் பிரிக்கிறார்கள், விடிவதற்குள் பழைய இடத்துக்கே போய்விடுகிறார்கள். கீழே உள்ள படிகளுக்கு மூன்று மாதம் ஒதுக்குங்கள். பெரியவர்கள் பார்த்துச் செய்த கல்யாணம், காதல் கல்யாணம் இரண்டுக்கும் இதே படிகள்தான்.

தொடங்கும் முன்

அடி, பூட்டி வைத்தல், செலவுக்குக் காசு தராமல் முடக்குதல், குழந்தையைக் காட்டி மிரட்டுதல், விருப்பமில்லாத உறவுக்குக் கட்டாயப்படுத்துதல்: இவற்றில் ஒன்று இருந்தாலும் இந்த வழிகாட்டி உங்களுக்கு அல்ல. அங்கே "மனசு விட்டுப் பேசுங்க" என்று சொல்வது ஆபத்து. பேசியதற்கே அடுத்த அடி விழும். மகளிர் உதவி எண் 181, உடனடி ஆபத்தென்றால் 112. 2005-ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைப் பாதுகாப்புச் சட்டப்படி, மணமுறிவு கேட்காமலேயே பாதுகாப்பு உத்தரவும், அதே வீட்டில் வசிக்கும் உரிமையும், பராமரிப்புத் தொகையும் கேட்கலாம்.

குடி இருந்தால் முதல் வேலை அதற்கான சிகிச்சை. தினமும் அதிகமாகக் குடிப்பவரைக் கோவிலில் சத்தியம் வாங்கி ஒரே நாளில் நிறுத்த வைக்காதீர்கள். இரண்டு மூன்று நாளில் கைநடுக்கம், பிதற்றல், வலிப்புவரை போகலாம், உயிருக்கே ஆபத்தாகலாம். மருத்துவர் கண்காணிப்பில்தான் நிறுத்த வேண்டும். இருவரில் யாராவது சாவதைப் பற்றிப் பேசினால் அதை மிரட்டல் என்று ஒதுக்காமல் 14416-க்கு அழையுங்கள். அரசின் டெலி மானஸ் மனநல உதவி எண் அது, இருபத்துநான்கு மணி நேரமும் தமிழில் பேசலாம்.

முதல் இரண்டு வாரம்: காயத்தை நிறுத்துவது

இந்த இரண்டு வாரத்தில் மூலப் பிரச்சினையைப் பேசக் கூடாது. இதற்கு இருவரும் வாய்விட்டுச் சம்மதிக்க வேண்டும்: "நாலாவது வாரம் வரைக்கும் அதைப் பத்திப் பேச வேண்டாம், தள்ளிப் போடல, தேதி வச்சிருக்கோம்." தேதியைக் காலண்டரில் குறித்துவிடுங்கள். குறிக்காவிட்டால், காயப்பட்டவருக்கு இது ஏமாற்று வேலையாகத் தெரியும்.

இந்த நாட்களில் சில வார்த்தைகளும் செயல்களும் வீட்டுக்குள் வரவே கூடாது. "டைவர்ஸ்", "எங்க வீட்டுக்குப் போறேன்", "உன்னைக் கட்டினதே தப்பு" மூன்றும் முதலில் போக வேண்டும். கல்யாணத்தன்று வந்த சீரைப் பற்றிய பேச்சும் அப்படியே. ஒருவர் செல்போனை மற்றவர் ரகசியமாகப் பார்ப்பது, வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் மறைமுகமாகக் குத்துவது, குழந்தையை நடுவில் நிறுத்தி "அப்பச்சியை (அப்பாவை) சாப்பிட வரச் சொல்லு" என்று தூது விடுவது எல்லாம் நிற்க வேண்டும். தூது விடுவதைப் பெரியவர்கள் சாதாரணமாக நினைக்கிறார்கள். எட்டு வயதுப் பிள்ளை அதைச் சாதாரணமாக எடுத்துக்கொள்வதில்லை, இரண்டு பேர் முகத்தையும் பார்த்துப் பார்த்துப் பேசக் கற்றுக்கொள்கிறது.

ஜான் காட்மன், ராபர்ட் லெவன்சன் என்ற அமெரிக்க உளவியலாளர்கள் 1980-கள் முதல் தம்பதிகளைப் பேச வைத்துப் பதிவுசெய்து, பல ஆண்டுகள் தொடர்ந்து கவனித்தார்கள். மணமுறிவை முன்கூட்டியே காட்டுகிற நான்கு பழக்கங்களை அவர்கள் ஆய்வு பிரித்தது: ஆளையே குறைசொல்வது, இளக்காரம், உடனே தற்காப்பு, கல்லாக மௌனமாகிவிடுவது. நான்கிலும் கொடியது இளக்காரம். கண்ணை உருட்டுவது, பேசும் விதத்தை நடித்துக் காட்டுவது, "ஆமா, பெரிய கலெக்டர் வீட்டுப் பொண்ணு" என்பது. கோபத்தைத் தாங்கும் தாம்பத்தியம் இளக்காரத்தைத் தாங்காது. இரண்டு வாரத்தில் ஒன்றே ஒன்றைத்தான் நிறுத்த முடியும் என்றால் இதை நிறுத்துங்கள்.

பிறகு உறவினர்கள். ஆளுக்கு ஒருவரை மட்டும் தேர்ந்தெடுத்து, அவரிடம் மட்டும் சொல்லலாம். கேட்டதைத் தன்னோடு வைத்துக்கொள்கிறவராகவும், உங்கள் துணையைப் பிடிக்காதவராக இல்லாமலும் அவர் இருக்க வேண்டும். பெற்ற ஆத்தாவைத் தவிர்ப்பது நல்லது. காரணம் எளிது: நீங்கள் இருவரும் சேர்ந்துகொண்டு மறந்துவிடுவீர்கள், மகள் அழுததைக் கேட்ட தாய் மறக்க மாட்டார். அடுத்த பிள்ளையார் நோன்புக்கு இழை எடுக்க எல்லோரும் ஒன்றாக உட்காரும்போதும் அது அவர் முகத்தில் இருக்கும்.

சண்டை வந்தால் என்ன செய்வது

வரத்தான் செய்யும். இதயம் நிமிடத்துக்கு நூறு தடவைக்கு மேல் அடிக்கிறபோது எதிரில் இருப்பவர் சொல்வது காதில் விழும், புத்தியில் ஏறாது. காது சூடாவது, தாடை இறுகுவது, சொன்னதையே திரும்பச் சொல்வது இதன் அறிகுறிகள். அப்போது எவ்வளவு நியாயம் பேசினாலும் வீண்.

யாருக்கு முதலில் தெரிகிறதோ அவர் நிறுத்தலாம். "எனக்கு இப்பப் பேச முடியல, ஒம்பது மணிக்குப் பேசலாம்" என்று திரும்பும் நேரத்தோடு சொல்ல வேண்டும். நேரம் சொல்லாமல் வண்டியை எடுத்துக்கொண்டு போவது இடைவேளை ஆகாது, விட்டுவிட்டுப் போவதாகத்தான் தெரியும். உடம்பு அடங்கக் குறைந்தது இருபது நிமிடம் வேண்டும். அந்த நேரத்தில் மனதுக்குள் வாதத்தை ஓட்டிக்கொண்டிருந்தால் அடங்காது. நடங்கள், குளியுங்கள், பாத்திரம் கழுவுங்கள். அதிகபட்சம் இருபத்துநான்கு மணி நேரம். அதற்குள் நிறுத்தியவரே பேச்சைத் திரும்ப எடுக்க வேண்டும். இந்தக் கடைசி விதியை மீறும்போதுதான் நம் வீடுகளில் வாரக்கணக்கில் "பேச்சு இல்லை" என்று ஆகிறது.

மூன்றாம் வாரம் முதல்: அன்றாடப் பிரியம்

மேற்சொன்ன ஆய்வில், நிலைத்த தம்பதிகள் வாக்குவாதத்தின் நடுவிலும் ஒரு கசப்பான செயலுக்கு ஐந்து நல்ல செயல்கள் என்ற அளவில் நடந்துகொண்டார்கள். நல்ல செயல் என்றால் தலையாட்டிக் கேட்பது, "அது சரிதான்" என்று ஒத்துக்கொள்வது, லேசாகச் சிரிப்பது. செலவே இல்லாதவை.

நாளுக்கு நான்கு இடங்களைப் பிடியுங்கள்: எழுந்தவுடன், வீட்டைவிட்டுக் கிளம்பும்போது, திரும்பி வரும்போது, படுக்கும் முன். நான்கிலும் முகம் பார்த்து ஒரு பேச்சு. கிளம்பும் முன், அன்றைக்கு மற்றவருக்கு என்ன வேலை இருக்கிறது என்று ஒன்றையாவது தெரிந்துகொள்ளுங்கள். மாலையில் அதைப் பற்றிக் கேளுங்கள். "பேங்க்ல அந்த ஆளு வந்தாரா?" என்ற ஒரு கேள்வி, கல்யாண நாளுக்கு வாங்கும் பட்டுச்சேலை செய்யாததைச் செய்யும். பாராட்டும்போது பொதுவாகப் பாராட்டாமல் நடந்ததைச் சொல்லுங்கள்: "எங்க அப்பச்சிக்கு மாத்திரை தீரப்போகுதுன்னு நீயா பார்த்து வாங்கி வச்சியே, அது எனக்குப் பெரிய ஒத்தாசை."

இங்கே கெடுவது எதனால்? ஒருவர் ஐந்து நாள் செய்துவிட்டு "நான் மட்டும்தான் செய்யுறேன்" என்று கணக்குப் பார்ப்பதால். மொய் நோட்டுப் பழக்கம் நமக்குள் ஆழமாக இருக்கிறது, எழுதினது திரும்பி வர வேண்டும் என்று கை அரிக்கும். ஒரு மாதம் எழுதாதீர்கள். நெடுநாள் காயப்பட்டவர் முதலில் சந்தேகப்படுவார், "இப்ப என்ன திடீர்னு" என்பார். அதற்குப் பதில் விளக்கம் சொல்லாமல் மறுநாளும் அதையே செய்வதுதான்.

வாரம் ஒரு பேச்சு

நான்காம் வாரத்திலிருந்து வாரம் ஒருமுறை, நாற்பத்தைந்து நிமிடம், ஒரே ஒரு விஷயம். முதலில் இடத்தைப் பாருங்கள். செட்டிநாட்டு வீட்டில் வளவு என்ற நடு முற்றத்தைச் சுற்றித்தான் அறைகள். ஓர் அறையில் மெதுவாகப் பேசினாலும் எதிர்ப்பத்தியில் உட்கார்ந்திருப்பவருக்குக் கேட்கும். கேட்கும் என்ற பயத்தில் ஒருவர் அடக்கிப் பேச, மற்றவர் அதை அலட்சியம் என்று எடுத்துக்கொள்வார். வெளியே போங்கள். மாலையில் ஊருணிக் கரையைச் சுற்றி நடக்கலாம், குன்றக்குடி அடிவாரத்தில் உட்காரலாம். பக்கத்தில் பக்கத்தில் நடந்துகொண்டு பேசுவது, எதிரெதிரே உட்காருவதைவிடப் பலருக்கு எளிது, முக்கியமாக ஆண்களுக்கு. காரில் வேண்டாம். ஓட்டுகிறவருக்கு நிறுத்தி எழுந்துபோக வழியில்லை.

பேச்சின் முதல் மூன்று நிமிடம் எப்படியோ மீதியும் பெரும்பாலும் அப்படியே முடியும். ஆகவே தொடக்கத்தை முன்கூட்டியே யோசித்து வையுங்கள். எந்த நாள் என்ன நடந்தது, எனக்கு எப்படி இருந்தது, இனி என்ன வேண்டும் என்ற மூன்று மட்டும்.

"உங்க ஆத்தா வந்தா நீங்க ஆளே மாறிடுறீங்க, எப்பவும் இதேதான்" என்பது சண்டைக்கான தொடக்கம். "ஞாயித்துக்கெழம ஆத்தா முன்னாடி குழம்பைக் குறை சொன்னீங்களே, எனக்கு முகத்தை எங்க வச்சுக்கறதுன்னு தெரியல. இனிமே ஏதாவது இருந்தா நம்ம தனியா இருக்கும்போது சொல்லுங்க" என்பது பேச்சுக்கான தொடக்கம். கணவர் பக்கமும் அப்படித்தான்: "எதுக்கெடுத்தாலும் உங்க வீட்டுக்குப் போன் போட்டுடுற" என்பதற்குப் பதிலாக, "நம்ம பேசினது மறுநாளே மாமாவுக்குத் தெரிஞ்சிருந்துச்சு, எனக்கு அவமானமாப் போச்சு. என்னைப் பத்தின விஷயம்னா முதல்ல எங்கிட்டச் சொல்லு."

கேட்கிறவர் பதில் சொல்லும் முன், கேட்டதைத் தன் வார்த்தையில் திருப்பிச் சொல்ல வேண்டும். "நான் சொன்னதைவிட, ஆத்தா முன்னாடி சொன்னதுதான் உனக்கு வலிச்சுது, அப்படித்தானே?" சொன்னவர் "ஆமா" என்ற பிறகே அவருடைய முறை. முதல் வாரங்களில் நாடகம் போல இருக்கும். விடாதீர்கள். பாதிச் சண்டை, எதிராளி கேட்டதும் இவர் சொன்னதும் வேறு வேறாக இருப்பதால்தான் நடக்கிறது. முடிவில் ஒரு சின்ன ஒப்பந்தம், ஒரு வாரத்துக்கு மட்டும். பிடிக்காவிட்டால் அடுத்த வாரம் மாற்றிக்கொள்ளலாம் என்றால் யாரும் அதற்குப் பயப்பட மாட்டார்கள்.

எல்லாம் தீர்ந்துவிடும் என்று எதிர்பார்க்கவும் வேண்டாம். தம்பதிகளின் கருத்து வேற்றுமைகளில் 69 சதவீதம் நிரந்தரமானவை என்பது காட்மன் ஆய்வின் கணக்கு. சிக்கனமானவர் சிக்கனமானவராகவே இருப்பார். அவற்றில் தேவைப்படுவது, ஒருவரையொருவர் புண்படுத்தாமல் வருஷக்கணக்கில் பேசிக்கொண்டே போகிற பழக்கம்.

இந்த மண்ணுக்கே உரிய முடிச்சுகள்

மாமியாரோடு ஒரே வீட்டில் இருப்பதைப் பற்றிப் பேசும்போது பலர் மறந்துவிடுகிற ஒன்று உண்டு. நகரத்தார் (நாட்டுக்கோட்டைச் செட்டியார்) வழக்கில் கல்யாணமான தம்பதி கோவில் கணக்கில் தனி ஒரு புள்ளி, அதாவது தனிக் குடும்பம். மகனுக்குக் கல்யாணமாகிக் கொஞ்ச காலம் போனதும் அதே வீட்டுக்குள் அவர்களை 'வேறு வைப்பார்கள்': தனி அறை, தனி அடுப்பு, வருஷத்துக்கு வேண்டிய அரிசி, பருப்பு அளந்து கொடுப்பது. ஒரே கூரை, ஒரே வளவு, ஆனால் உலை தனி. தனிக்குடித்தனம் கேட்பதே குடும்பத்தை உடைப்பது என்று இன்று சொல்பவர்களுக்கு, முன்னோர்கள் குடும்பத்தை உடைக்காமலேயே அதைச் செய்து காட்டியிருக்கிறார்கள் என்று எடுத்துச் சொல்லலாம். சொல்ல வேண்டியவர் மகன்.

இன்றைக்கு அதை எப்படிச் செய்வது? முழுதாகப் பிரியத் தேவையில்லை. உள்தாழ்ப்பாள் போட்ட ஒரு அறை, அதற்குள் தட்டாமல் யாரும் வரக் கூடாது. ஒரு நாளில் ஒரு வேளைச் சமையல் முழுக்க மருமகள் பொறுப்பு, அதில் யாரும் உப்பு பார்க்கக் கூடாது. வாரத்தில் ஒரு மாலை இருவருக்கு மட்டும். இதை வீட்டில் சொல்லும்போது, அவரவர் பெற்றோரிடம் அவரவரே பேச வேண்டும். "அவ கேக்குறா" என்று ஆரம்பித்தால் அன்றே அவள் குற்றவாளி. "ஆத்தா, நாங்க ரெண்டு பேரும் பேசி முடிவு பண்ணியிருக்கோம்" என்று ஆரம்பியுங்கள். மாமியார் ஒரு வாரம் முகத்தைத் தூக்கிக்கொண்டிருப்பார். அப்போது மகன் மனம் இளகிப் பின்வாங்கினால், அடுத்த தடவை அவர் பேச்சை மனைவியும் நம்ப மாட்டார், ஆத்தாவும் நம்ப மாட்டார். பின்வாங்காமல், ஆத்தாவோடு தினமும் பத்து நிமிடம் கூடுதலாக உட்கார்ந்து பேசுங்கள். அவர் பயப்படுவது அடுப்பு பிரிவதற்கல்ல, மகன் பேச்சு குறைந்துவிடுமே என்றுதான்.

அடுத்தது பணம். பரப்பி வைத்த சாமான், எண்ணி வைத்த வைரம், எழுதி வைத்த மொய் என்று இங்கே கல்யாணமே கணக்கோடு தொடங்குகிறது. ஆனால் கல்யாணத்துக்குப் பிறகு கணவன் மனைவிக்குள் ஒரு கணக்கும் வெளிப்படையாக இருப்பதில்லை. ஒரு ஞாயிறு இரண்டு மணி நேரம் ஒதுக்கி ஒரே தாளில் எழுதுங்கள்: இருவர் வருமானம், வங்கிக் கடன், நகைக்கடன், சீட்டு, கைமாற்று, இந்த வருஷம் திருப்பிச் செய்ய வேண்டிய மொய், முன்னோர் படைப்புக்கும் கோவிலுக்கும் தர வேண்டிய பங்கு, பழைய வீட்டின் ஓடு மாற்றும் செலவில் உங்கள் பாகம். மறைத்து வைத்த கடன் இருந்தால் இந்தத் தாளில்தான் வர வேண்டும். மூன்று மாதம் கழித்து வெளிவந்தால் கடனைவிட மறைத்ததுதான் பெரிதாக நிற்கும்.

பிறகு இரண்டு விதிகள். ஒரு தொகைக்கு மேல் இருவர் சம்மதமும் வேண்டும். மாத வருமானத்தில் பத்தில் ஒரு பங்கு நல்ல எல்லை. ஆளுக்குச் சமமாக ஒரு சிறு தொகை, அதற்குக் கணக்குக் கேட்கக் கூடாது, சம்பாதிக்காதவருக்கும் உண்டு. நகையைப் பற்றிச் சந்தேகமே வேண்டாம். பெண்ணுக்கு வந்த சீதனம் சட்டப்படி அவளுடையது மட்டுமே. தொழிலுக்காக அடகு வைத்திருந்தால் அது மனைவியிடம் வாங்கிய கடன். எத்தனை பவுன், எப்போது மீட்பது என்று எழுதித் தர வேண்டும். கல்யாணத்தன்றே இசைகுடிமானம் என்ற திருமண ஒப்பந்தம் எழுதிக் கையெழுத்துப் போடுகிற மரபில் வந்தவர்களுக்கு இதை எழுதுவதில் கூச்சம் தேவையில்லை.

மூன்றாவது தூரம். பர்மாவுக்கும் மலேயாவுக்கும் ஆண்கள் கடை நடத்தப் போய் வருஷக்கணக்கில் திரும்பாத காலத்தை நம் ஆயாக்கள் சகித்தார்கள் என்பதால் இன்றைய பெண்ணும் சகிக்க வேண்டும் என்பதில்லை. பேசும் நேரத்தை இருவருக்கும் பொருந்துமாறு வையுங்கள்: காரைக்குடியில் இரவு ஒன்பது என்றால் சிங்கப்பூரில் பதினொன்றரை, அவர் தூங்கி விழுவார், துபாயில் ஏழரை, அப்போதுதான் வேலை விட்டு வந்திருப்பார். தினமும் கடமைக்கு ஐந்து நிமிடம் பேசுவதைவிட, வாரத்தில் மூன்று நாள் அரை மணி நேரம் நிதானமாகப் பேசலாம். மற்ற நாட்களில் ஒரு குரல் செய்தி போதும். சண்டையை எழுத்தில் போடாதீர்கள், குரலில் இருக்கும் தணிவு எழுத்தில் வராது. சென்னையிலிருந்து வாரக்கடைசியில் பல்லவன் ரயிலில் வருகிறவர்கள், வந்த இரவு எந்தக் குறையும் பேசுவதில்லை என்றும், ஞாயிறு சாயங்காலம் கிளம்பும் நேரத்தில் பெரிய விஷயம் எடுப்பதில்லை என்றும் வைத்துக்கொள்ளுங்கள். சனிக்கிழமை காலைதான் சரி.

நம்பிக்கை உடைந்திருந்தால்

வேறொரு உறவு, ரகசியக் கடன் இரண்டுக்கும் மேலே சொன்ன வேகம் பொருந்தாது. முதலில் அந்தத் தொடர்பு முழுதாக முடிய வேண்டும், முடிந்தது தெரிய வேண்டும். "நண்பராக மட்டும்" என்பது முடிவல்ல. பிறகு நடந்ததை ஒரே தடவையில் முழுதாகச் சொல்ல வேண்டும். வாரத்துக்கு ஒன்றாகக் கசிந்தால், கேட்பவருக்கு ஒவ்வொரு தடவையும் முதல் நாள் போலத்தான். எப்போது தொடங்கியது, இன்னும் இருக்கிறதா, யார் யாருக்குத் தெரியும், பணம் போனதா, உடல்நலப் பரிசோதனை தேவையா: இவற்றுக்குப் பதில் வேண்டும். படுக்கை விவரங்கள் வேண்டாம், அவை மனதில் படமாகத் தங்கிவிடும்.

காயப்பட்டவர் கேள்வி கேட்டுக்கொண்டே இருப்பார், நள்ளிரவிலும். அதற்கு நாளில் அரை மணி நேரம் ஒதுக்கி, அதில் முகம் சுளிக்காமல் பதில் சொல்லுங்கள். போன், வங்கிக் கணக்கு, போகும் இடம் எல்லாம் திறந்திருக்கட்டும், ஆனால் ஆறு மாதம் என்று எல்லை வைத்து. காலவரையில்லாத கண்காணிப்பு காவல் வேலையாகிவிடும், இருவருமே அதில் சலித்துப்போவார்கள். தவறு செய்தவர் "எத்தனை தடவை மன்னிப்புக் கேக்கறது" என்ற அன்றே பாதி வேலை வீணாகும்.

உடல் நெருக்கம்

நின்றுபோயிருந்தால் உடனே திரும்ப வற்புறுத்த வேண்டாம். கைபிடித்து நடப்பது, தோளில் சாய்வது அளவில் சில வாரம் போகட்டும், அதற்கு மேல் போகாது என்ற உறுதியோடு. காரணம் உடலாகவும் இருக்கலாம். சர்க்கரை நோய் ஆண்களுக்கு விறைப்புக் குறைவைத் தரும்; தைராய்டு கோளாறு, பிரசவத்துக்குப் பிந்தைய மனச்சோர்வு, மாதவிடாய் நிற்கும் பருவத்து வறட்சி, சில மனச்சோர்வு மாத்திரைகள் எல்லாம் ஆசையைக் குறைக்கும். இதைப் பிரியமின்மை என்று எடுத்துக்கொண்டு ஆண்டுகளை இழக்கும் தம்பதிகள் உண்டு. மருத்துவரிடம் இருவரும் சேர்ந்து போங்கள்.

ஒருவர் மட்டும் முயன்றால்

கொஞ்ச தூரம் போகும். இளக்காரத்தை நிறுத்துவது, மென்மையாகத் தொடங்குவது, நான்கு அன்றாட இடங்கள் இவற்றைத் தனியாகவே செய்யலாம். எட்டு வாரம் செய்து பாருங்கள். எதிர்ப்பக்கம் அசைவே இல்லையென்றால் "நான் இவ்வளவு செஞ்சேன்" என்று வெடிக்காமல், ஆலோசகரிடம் வரும்படி ஒரே ஒரு கோரிக்கை வையுங்கள்.

ஆலோசகர், சட்டம்

மூன்று மாதத்தில் சண்டையின் சூடு குறையாவிட்டால், அல்லது நம்பிக்கை உடைந்த வழக்காக இருந்தால் தொடக்கத்திலேயே, தம்பதி ஆலோசனையில் பயிற்சி பெற்றவரைப் பாருங்கள். முதல் அழைப்பிலேயே கேளுங்கள்: தம்பதிகளைச் சேர்த்துப் பார்ப்பீர்களா, என்ன படித்திருக்கிறீர்கள், நான் தனியாகச் சொல்வதை மற்றவரிடம் சொல்வீர்களா? வாரம் ஒருமுறை வீதம் எட்டு முதல் பன்னிரண்டு அமர்வுகளுக்குத் தயாராகப் போங்கள். "பொம்பளதான் விட்டுக்கொடுக்கணும்" என்று முதல் நாளே தீர்ப்புச் சொல்பவரிடம் இரண்டாம் தடவை போக வேண்டாம்.

கொஞ்ச நாள் பிரிந்திருப்பது என்று முடிவானால் நான்கை எழுதிக்கொள்ளுங்கள்: எத்தனை வாரம், யார் எப்போது அழைப்பது, குழந்தையின் பள்ளி எப்படி நடக்கும், செலவுக்கு யார் எவ்வளவு. தேதி இல்லாமல் பிறந்த வீடு போனால், திரும்ப வருவது இரண்டு குடும்பத்துக்கும் கௌரவப் பிரச்சினையாகிவிடும்.

வழக்கு என்று வந்தாலும் 1984-ஆம் ஆண்டின் குடும்ப நீதிமன்றச் சட்டப்படி நீதிமன்றம் முதலில் சமரசத்துக்கு முயல வேண்டும். பெண்களுக்கு வருமான வரம்பின்றி இலவசச் சட்ட உதவி உண்டு, எண் 15100. 1955-ஆம் ஆண்டின் இந்து திருமணச் சட்டத்தில் இருவர் சம்மதத்தோடு பிரிய ஒரு வருஷம் தனித்தனியாக வாழ்ந்திருக்க வேண்டும். மனு போட்ட பின் ஆறு மாதக் காத்திருப்பு, தகுந்த வழக்குகளில் நீதிமன்றம் அதைத் தள்ளுபடி செய்யலாம் என்று 2017-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. தீர்ப்பு வரும்வரை இருவரில் யாரும் தம் சம்மதத்தைத் திரும்பப் பெறலாம். அப்படித் திரும்பி வருகிறவர்கள் வழக்கில் எழுதிய குற்றச்சாட்டுகளைப் பேச உட்காராமல், முதல் இரண்டு வாரப் படியிலிருந்தே தொடங்க வேண்டும்.